தாளம் ஒரு பிள்ளையை மாற்றுமா?

வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, மேல்விஷாரம், இராணிப்பேட்டை. பாலாற்றுப் படுகையில் உள்ள இந்த ஊர்களின் பெயரைச் சொன்னவுடன் நம் நினைவுக்கு வருவது தோல். இங்கே பதனிடப்படும் தோல் காலணியாகவும் கையுறையாகவும் பையாகவும் உருமாறிக் கடல் கடந்து போகிறது. ஆனால் தோலுக்கு இன்னொரு வாழ்க்கையும் உண்டு. அது பறையாகிறது, மிருதங்கமாகிறது, தவிலாகிறது. காலுக்குப் போகும் தோலுக்கும் காதுக்குப் போகும் தோலுக்கும் என்ன வேறுபாடு? அந்தத் தோலைத் தட்டும் பிள்ளைக்கு என்ன நேர்கிறது? இந்த இரண்டு கேள்விகளையும் சேர்த்துப் பார்ப்போம். முதல் கேள்வி பௌதிகம், வேதியியல் தொடர்பானது. இரண்டாவது உயிரியலும் உளவியலும் கலந்தது. இரண்டாவதுதான் கடினமானது.

முதலில் தோலை எடுத்துக்கொள்வோம். தோலின் பெரும்பகுதி கொலாஜன் என்னும் புரத இழைகளால் ஆனது. தோல் ஷாப்பில் சுண்ணாம்பு போட்டு மயிர் நீக்கியபின், குரோமிய உப்போ ஆவாரம் பட்டை, கடுக்காய் முதலியவற்றின் சாறோ அந்த இழைகளுக்கிடையே புகுத்தப்படுகிறது. இழைகள் இரசாயனப் பிணைப்பால் கட்டுண்டு அழுகாத தன்மையைப் பெறுகின்றன. பச்சைத்தோல் வெந்நீரில் ஏறத்தாழ 60 பாகை செல்சியசிலேயே சுருண்டுவிடும். குரோமியத்தால் பதனிட்ட தோலோ கொதிநீரையே தாங்கும். பிறகு எண்ணெய்ப் பசை ஊட்டுகிறார்கள். இழைகள் ஒன்றின்மீது ஒன்று வழுக்கிக்கொள்ளும். அதனால்தான் காலணித் தோல் மெத்தென்று வளைகிறது.

அந்த மெத்தென்ற தோலை ஒரு வளையத்தில் இழுத்துக் கட்டித் தட்டிப் பாருங்கள். 'தொப்' என்று ஒலித்து அடங்கிவிடும். இழைகள் ஒன்றோடொன்று உராய்ந்து அதிர்வின் ஆற்றலை உடனே வெப்பமாக்கி விடுகின்றன. எனவே வாத்தியத்துக்குப் பதனிட்ட தோல் உதவாது. மயிரும் கொழுப்பும் நீக்கி உலர்த்திய பச்சைத்தோல்தான் வேண்டும். உலரும்போது அதன் இழைகள் ஒன்றோடொன்று ஒட்டி விறைத்துக்கொள்கின்றன. பறையில் வேப்பமரத் துண்டுகளால் செய்த வளையத்தின்மீது கன்றுத்தோலைப் புளியங்கொட்டைப் பசையால் ஒட்டுகிறார்கள். காய்ந்ததும் தோல் தானாகவே இறுகி நிற்கும்.

ஆனால் பதனிடாத தோலுக்கு ஒரு குறை உண்டு. காற்றில் உள்ள ஈரத்தை அது குடித்துவிடும். ஈரம் ஏறினால் தோல் தளரும், சுருதி இறங்கும். பறையடிப்பவர்கள் வைக்கோலையோ காகிதத்தையோ கொளுத்தி அதன் அனலில் பறையைக் காட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். அது சடங்கு அன்று, பௌதிகம். அனல் ஈரத்தை ஓட்டுகிறது, தோலின் இழுவிசை கூடுகிறது, அதிர்வெண் உயர்கிறது. அதிர்வெண்ணை இருமடங்காக்க இழுவிசையை நான்கு மடங்காக்க வேண்டும் என்ற விதியைப் பாடப்புத்தகத்தில் படித்திருப்பீர்கள். கம்பிக்கான அந்த விதி சவ்வுக்கும் பொருந்தும்.

இன்னொரு விந்தையையும் சொல்லிவிடுகிறேன். கம்பி அதிரும்போது அடிப்படைச் சுரத்தோடு அதன் 2, 3, 4 மடங்கு அதிர்வெண் கொண்ட மேற்சுரங்களும் எழும். அவை ஒன்றோடொன்று இசைந்து நிற்பதால் வீணையின் ஒலி நமக்கு இனிக்கிறது. வட்டமான சவ்வு அப்படி அதிர்வதில்லை. அதன் அதிர்வெண்கள் 1, 1.59, 2.14, 2.30, 2.65 என்று ஒழுங்கற்ற விகிதத்தில் போகும். எனவே பெரும்பாலான முரசுகளில் தாளம் உண்டு, சுரம் இல்லை. மிருதங்கம் மட்டும் எப்படிச் சுருதியோடு பேசுகிறது? 1920-இல் சர் சி.வி. இராமன் தம் சக ஆய்வாளர் குமாருடன் சேர்ந்து 'நேச்சர்' இதழில் இதை எழுதினார். 1934-இல் மேலும் விரிவாக எழுதினார். வலந்தலையின் நடுவில் பூசும் கருநிறச் சாதம் சவ்வின் நடுப்பகுதியின் எடையைக் கூட்டுகிறது. அதனால் அதன் ஒன்பது வகை அதிர்வுகள் ஐந்து கூட்டங்களாகச் சேர்ந்து 1, 2, 3, 4, 5 என்ற ஒழுங்குக்கு வந்துவிடுகின்றன. தோலின்மீது மணலைத் தூவி, அது குவியும் கோடுகளைப் பார்த்து இராமன் இதை மெய்ப்பித்தார். ஆனால் இந்தச் சாதத்தை எந்த அளவுக்குப் பூசவேண்டும், எப்படித் தேய்க்கவேண்டும் என்று கண்டுபிடித்தவர்கள் பெயர் தெரியாத வாத்தியக் கைவினைஞர்கள். சமூகம் அவர்களைத் தோலைத் தொடுகிறவர்கள் என்று தள்ளி வைத்தது. வாத்தியத்தை மேடையில் வைத்தது.

இந்த இடத்தில்தான் நம் இரண்டாவது கேள்வி தொடங்குகிறது.

நம் பகுதியில் விடிவதற்குள் ஷூ கம்பெனி வேன் வந்துவிடும். அம்மா அதில் ஏறிப் போய்விடுவாள். அப்பா தோல் ஷாப்பில் முறைவேலை பார்ப்பார், அல்லது வேலை இல்லாமல் இருப்பார். தம்பி தங்கையை எழுப்பிக் குளிப்பாட்டிப் பள்ளிக்கு இழுத்து வருவது மூத்த பிள்ளையின் வேலை. வீட்டில் கடன் இருக்கலாம், குடி இருக்கலாம், நோய் இருக்கலாம். வகுப்பில் அந்தப் பிள்ளை பாடத்தைக் கவனிப்பதில்லை. பக்கத்துப் பையனை அடிக்கிறான். 'உன் மேல் தோல் நாற்றம்' என்று யாராவது சொல்லிவிட்டால் அன்றைக்குச் சண்டைதான். ஆசிரியர்கள் சிலர் இவனை 'அடங்காத பிள்ளை' என்று எழுதி ஒதுக்கிவிடுகிறார்கள்.

அவன் உடலுக்குள் என்ன நடக்கிறது? ஆபத்து வரும்போது ஓடவோ சண்டையிடவோ உடலைத் தயார்ப்படுத்தும் ஓர் எச்சரிக்கை அமைப்பு நம் எல்லோரிடமும் இருக்கிறது. அட்ரினலின், கார்ட்டிசால் என்னும் சுரப்பிநீர்கள் இரத்தத்தில் கலக்கின்றன. இதயம் விரைகிறது, கண்ணும் காதும் ஆபத்தையே தேடுகின்றன. ஆபத்து நீங்கியதும் இந்த அமைப்பு அடங்கவேண்டும். ஓயாத சச்சரவுக்கிடையே வளரும் பிள்ளைக்கு அது முழுதாக அடங்குவதே இல்லை. தீ அணைந்த பின்பும் அடித்துக்கொண்டே இருக்கும் அபாய மணியைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். அந்த மணிச்சத்தத்தில் இயற்கணிதம் எப்படிக் காதில் விழும்?

'காதில் விழும்' என்பதை உவமையாக மட்டும் சொல்லவில்லை. அமெரிக்காவின் நார்த்வெஸ்டர்ன் பல்கலைக்கழகத்தில் நீனா கிராஸ் என்ற விஞ்ஞானி, தலையில் மின்வாய்களை ஒட்டி, ஒலிக்கு மூளை தரும் மின் எதிரொலியைப் பதிவு செய்கிறார். 2013-இல் அவருடைய குழு வெளியிட்ட ஆய்வு ஒரு வருத்தமான செய்தியைச் சொன்னது. குறைவாகப் படித்த தாய்மாரின் பிள்ளைகளுடைய மூளைப் பதிவில், ஒலியே இல்லாதபோதும் இரைச்சல் மிகுதியாக இருந்தது. வானொலியில் நிலையம் சரியாகப் பிடிபடாதபோது 'கரகர' என்று கேட்குமே, அதைப் போல. 'ப', 'க' போன்ற நெருங்கிய ஒலிகளைப் பிரித்தறிவது அத்தகைய பிள்ளைக்குக் கடினம். ஒலி பிரியாவிட்டால் எழுத்துக் கூட்டுவதும் தடுமாறும். குறை பிள்ளையின் அறிவில் இல்லை, நிலையம் பிடிபடாததில் இருக்கிறது.

அடுத்த ஆண்டே அதே குழு நம்பிக்கை தரும் முடிவு ஒன்றையும் வெளியிட்டது. லாஸ் ஏஞ்சலிஸ் நகரின் ஏழைப் பகுதிகளில் 'ஹார்மனி பிராஜக்ட்' என்ற அமைப்பு 2001 முதல் பிள்ளைகளுக்கு இலவசமாக வாத்தியம் கற்பித்து வருகிறது. அங்கே சேரக் காத்திருந்த பிள்ளைகளை இரண்டு தொகுதியாக்கி, ஒரு தொகுதிக்கு உடனேயும் மற்றதற்கு ஓராண்டு கழித்தும் பயிற்சி தொடங்கினார்கள். இரண்டாண்டு பயின்ற பிள்ளைகளின் மூளை நெருங்கிய ஒலிகளைத் தெளிவாகப் பிரித்தது. ஓராண்டு மட்டும் பயின்றவர்களிடம் மாற்றம் தென்படவில்லை. இந்த 'இரண்டாண்டு' என்பதை நினைவில் வையுங்கள், பின்னால் அதற்கு வேலை இருக்கிறது.

பாட்டைக் கேட்டாலே போதாதா என்று சிலர் கேட்கலாம். போதாது. 1993-இல் மோட்சார்ட் என்னும் மேதையின் இசையைப் பத்து நிமிடம் கேட்ட கல்லூரி மாணவர்கள் 36 பேர், வடிவங்களை மனத்தில் திருப்பிப் பார்க்கும் தேர்வில் சற்றுக் கூடுதல் மதிப்பெண் பெற்றார்கள். அதன் பயன் கால் மணி நேரம்கூட நிலைக்கவில்லை. ஆனால் செய்தி பரவியது எப்படித் தெரியுமா? மோட்சார்ட்டைக் கேட்டால் குழந்தை மேதையாகும் என்று ஒலிநாடாக்கள் விற்றன. 1998-இல் அமெரிக்காவின் ஜார்ஜியா மாநில ஆளுநர், பிறக்கும் குழந்தைகள் எல்லோருக்கும் இசைத்தட்டு வழங்க அரசுப் பணம் கேட்டார்! விஞ்ஞானத்தின் பெயரால் நடக்கும் வியாபாரத்துக்கு இதைவிடச் சிறந்த எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை.

ஒன்றுகூடி வாசிப்பதில் அப்படி என்ன இருக்கிறது? ஓர் எளிய சோதனை செய்து பாருங்கள். வகுப்பில் நாற்பது பேரும் கண்ணை மூடிக்கொண்டு கைதட்டுங்கள். யாரும் தலைமை தாங்கவேண்டாம். முதலில் மழைபோல் இரைச்சல் எழும். திடீரென்று எல்லாக் கைகளும் ஒரே சமயத்தில் தட்டத் தொடங்கக்கூடும். 2000-ஆம் ஆண்டில் சோல்டான் நேடா என்ற பௌதிக அறிஞரும் நண்பர்களும் கிழக்கு ஐரோப்பிய அரங்குகளின் கைதட்டலைப் பதிவு செய்து ஆராய்ந்தார்கள். ஒன்றுசேரும் தருணத்தில் ஒவ்வொருவரும் தம் கைதட்டும் வேகத்தை ஏறத்தாழப் பாதியாகக் குறைத்துக்கொள்கிறார்கள் என்று தெரியவந்தது. வேகமாகத் தட்டும்போது ஆளுக்கு ஆள் வேற்றுமை அதிகம், சேரவே முடியாது. நிதானித்தால்தான் மற்றவர் கையின் ஓசை நமக்குக் கேட்கிறது. கைதட்டல்களின் எண்ணிக்கை குறைவதால் மொத்த ஓசையும் அப்போது குறைந்துவிடுகிறதாம்.

இது கைக்கு மட்டும் உரியதன்று. 2013-இல் சுவீடன் நாட்டில் 18 வயது மாணவர்கள் குழுவாகப் பாடும்போது அவர்களுடைய இதயத் துடிப்பை அளந்தார்கள். மூச்சை உள்ளே இழுக்கும்போது இதயம் சற்று விரையும், விடும்போது தணியும். ஒரே பாட்டைப் பாடுகிறவர்கள் ஒரே இடத்தில்தானே மூச்சு வாங்கவேண்டும்? எனவே எல்லோருடைய இதயங்களும் ஒருங்கே விரைந்து ஒருங்கே தணிந்தன. நீண்ட அடிகளை மெதுவாகப் பாடும்போது இந்த ஒற்றுமை மிகத் தெளிவாக இருந்தது. நீளமாக மூச்சை விடுவது, முன்பு சொன்ன அபாய மணியைத் தணிக்கும் வழிகளில் ஒன்று. 'அமைதியாக இரு' என்று நூறு தடவை அதட்டினாலும் அடங்காத பிள்ளை, ஒரு நீண்ட பாட்டின் நடுவில் தன்னையறியாமல் அடங்குவதில் மாயம் ஏதும் இல்லை.

ஜெர்மனியின் லைப்சிக் நகரில் கிர்ஷ்னர், டொமசெல்லோ என்ற இருவர் 2010-இல் வெளியிட்ட சோதனை இன்னும் அழகானது. நான்கு வயதுக் குழந்தைகள் 96 பேரை இரண்டிரண்டு பேராக விளையாட விட்டார்கள். பாதி இணைகள் பாட்டோடும் தாளத்தோடும் ஆடின. மற்றவை அதே ஆட்டத்தைப் பாட்டில்லாமல் ஆடின. பிறகு ஒரு குழந்தையின் கையிலிருந்த கோலிக்குண்டுகள் 'தற்செயலாக'ச் சிந்தும்படி ஏற்பாடு செய்திருந்தார்கள். சேர்ந்து பாடி ஆடிய குழந்தைகள்தாம் அதிகமாக ஓடிவந்து பொறுக்கிக் கொடுத்தன.

இனி ஆசிரியருக்கு வருவோம். பசிபிக் கடலில் உள்ள ஹவாய்த் தீவுகளில் காவாய் என்று ஒரு தீவு. அங்கே 1955-இல் பிறந்த 698 குழந்தைகளை எம்மி வெர்னர் என்ற அம்மையாரும் ரூத் ஸ்மித்தும் அவர்களுக்கு நாற்பது வயதாகும் வரை தொடர்ந்து கவனித்தார்கள். ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் வறுமை, குடிப்பழக்கம், குடும்பச் சண்டை ஆகியவற்றுக்கிடையே பிறந்தவர்கள். இவர்களில் பெரும்பாலோர் பள்ளியிலோ சட்டத்தோடோ தொல்லைக்கு உள்ளானார்கள். ஆனால் மூன்றில் ஒருவர், அதாவது 72 பேர், எந்தத் தொல்லையும் இன்றித் தெளிவுள்ள மனிதர்களாக வளர்ந்தார்கள். அவர்களைக் காத்தது எது? பல காரணங்களுள் திரும்பத் திரும்ப வந்தது ஒன்று: தன்னை ஏற்றுக்கொண்ட பெரியவர் ஒருவராவது அந்தப் பிள்ளைக்கு இருந்தார். வீட்டுக்கு வெளியே அப்படிப்பட்டவர் பெரும்பாலும் ஓர் ஆசிரியர்தாம்.

இசையும் அத்தகைய ஆசிரியரும் ஒரே இடத்தில் சேர்ந்தால்? வெனிசுலா நாட்டில் 1975-இல் ஓசே அந்தோனியோ அப்ரேயு என்பவர் ஒரு கார் நிறுத்தும் கூடத்தில் 11 பிள்ளைகளுடன் வாத்தியக் குழு ஒன்றைத் தொடங்கினார். அது 'எல் சிஸ்தேமா' என்ற பெயரில் நாடெங்கும் பரவியது. 2012, 2013 ஆண்டுகளில் அதன் 16 மையங்களில் 2,914 பிள்ளைகளைக் குலுக்கல் முறையில் பிரித்து ஆராய்ந்தார்கள். முன்னதாகச் சேர்க்கப்பட்டவர்களிடம் தன்னடக்கம் சற்றுக் கூடியிருந்தது. வன்முறையைக் கண்டு வளர்ந்த சிறுவர்களிடம் முரட்டுத்தனம் குறைந்திருந்தது. ஆனால் அறிவுத்திறன் தேர்வுகளில் பெரிய மாற்றம் இல்லை. மேலும், மிக ஏழைப் பிள்ளைகள் எதிர்பார்த்த அளவுக்கு அங்கே வந்து சேரவும் இல்லை. ஜெஃப்ரி பேக்கர் என்ற ஆங்கில இசையறிஞர் 2014-இல் எழுதிய நூலில், அங்குள்ள சில பயிற்சிக் கூடங்களில் அதிகாரமும் அச்சமும் மிகுந்திருந்ததாகக் குற்றம் சாட்டினார். வாத்தியத்தைக் கையில் கொடுத்துவிட்டுப் பிரம்பை மற்றொரு கையில் வைத்திருந்தால் என்ன பயன்? இசையை மட்டும் புகழ்ந்து பேசுகிறவர்கள் இந்தப் பக்கத்தைப் படிப்பதில்லை.

நம் நாட்டிலும் எடுத்துக்காட்டு உண்டு. டார்ஜிலிங்கை அடுத்த காலிம்பாங்கில் 1993-இல் எட்வர்ட் மக்வைர் என்ற கிறித்தவத் துறவி, கூலித் தொழிலாளரின் பிள்ளைகளுக்காகக் காந்தி ஆசிரமப் பள்ளியைத் தொடங்கினார். அங்கே ஒவ்வொரு பிள்ளைக்கும் வயலின் உண்டு, வயிற்றுக்கு உணவும் உண்டு. எது முதலில் வந்தது என்று கேட்காதீர்கள், பசித்த பிள்ளை சுருதி சேர்க்காது.

ஆனால் தோல் மணக்கும் நம் ஊருக்கு மிக நெருக்கமானது திண்டுக்கல்லில் இருக்கிறது. அங்குள்ள சக்தி நாட்டுப்புறக் கலை மையம், சகோதரி சந்திராவின் முயற்சியில், பள்ளிப் படிப்பை விட்ட தலித் பெண்பிள்ளைகளுக்குப் பறையாட்டம் கற்பித்து வருகிறது. இதன் துணிச்சலைச் சற்று எண்ணிப் பாருங்கள். பறை, சாவுக்கு அடிக்கும் வாத்தியம் என்று ஒதுக்கப்பட்டது. அதை அடிப்பவரும் ஒதுக்கப்பட்டார். ஆண்கள் மட்டுமே தொட்டுவந்த அந்தக் கருவியை, ஊரின் கண்ணில் மிகக் கீழே வைக்கப்பட்டிருந்த பெண்பிள்ளைகள் இடுப்பில் சலங்கைத் துணி கட்டி, அடிக்குச்சியும் சுண்டுகுச்சியும் பிடித்து, நடு வீதியில் நிமிர்ந்து நின்று அடிக்கிறார்கள். தையலும் பாடமும் உரிமைக் கல்வியும் கூடவே உண்டு. ஓக்லஹோமா பல்கலைக்கழகத்தின் இசை ஆய்வாளர் சோயி ஷெரினியன் இந்த மையத்தைப் பற்றி 'சக்தி வைப்ரேஷன்ஸ்' என்ற ஆவணப்படம் எடுத்திருக்கிறார்.

இதில் கருத்து வேற்றுமையும் உண்டு. 'இந்தக் கருவிதானே எங்களை இழிவு செய்தது, இதை எதற்கு எங்கள் பிள்ளைகள் தொடவேண்டும்?' என்று பறையை உடைத்தெறிந்த ஊர்கள் தமிழ்நாட்டில் உண்டு. அவர்கள் கோபத்தில் நியாயம் இருக்கிறது. என் எண்ணம் என்னவென்றால், கட்டாயத்தின்பேரில் அடிப்பதும் விரும்பிக் கற்று அடிப்பதும் ஒரே செயல் அன்று. ஒலியின் அதிர்வெண் ஒன்றாக இருக்கலாம். அடிக்கும் பிள்ளையின் முதுகெலும்பு இரண்டிலும் வேறு விதமாக நிற்கிறது. எனவே எந்தப் பிள்ளையின் கையிலும் பறையைத் திணிக்கக்கூடாது. அதுபோலவே, மேடையில் எல்லாப் பிள்ளைகளும் அடிக்க வேண்டுமே தவிர, 'இது உங்கள் வாத்தியம்' என்று ஒரு தெருப் பிள்ளைகளிடம் மட்டும் ஆசிரியர் நீட்டக்கூடாது. அப்படி நீட்டுவது பழைய இழிவின் புது வடிவம்தான்.

அரசுப் பள்ளிகளில் 2022 முதல் கலைத் திருவிழா நடைபெறுகிறது. இசைக்கருவிப் போட்டிகளும் அதில் உண்டு. நல்ல செய்தி. ஆனால் போட்டி என்பது ஒரு நாள், பயிற்சி என்பது முன்பு சொன்ன இரண்டாண்டு. தமிழக அரசு 2012-இல் கலை, உடற்கல்வி, தொழிற்கல்வி ஆகியவற்றுக்காக 16,549 பகுதி நேர ஆசிரியர்களை நியமித்தது. வாரத்தில் மூன்று அரை நாள் வேலை, மாதம் 5,000 ரூபாய் ஊதியம் என்பது அன்றைய ஏற்பாடு. அரை நாள் வந்துவிட்டு அடுத்த வேலைக்கு ஓடவேண்டிய ஆசிரியரிடம், ஒரு பிள்ளையின் வீட்டு நிலையை விசாரித்து அறியும் பொறுமையை நாம் எப்படிக் கேட்பது? காவாய்த் தீவில் பிள்ளைகளைக் காத்தவர்கள் ஆண்டுக்கணக்கில் அருகில் இருந்தவர்கள்.

கருவி இல்லையே என்று கவலைப்பட வேண்டாம். பெரிய பால்மாவு டப்பா ஒன்றை எடுத்து, இருபுறமும் திறந்து, ஒரு வாயில் பலூன் இரப்பரை இழுத்துக் கட்டுங்கள். அதன்மீது சிறிது உப்பைத் தூவி, டப்பாவின் மறுவாயருகே ஒரே சுரத்தை இழுத்துப் பாடுங்கள். சில சுரங்களுக்கு உப்பு அசையாது. ஒரு குறிப்பிட்ட சுரத்துக்குத் துள்ளிக் குதித்து வளையமாக ஒதுங்கும். அதுவே அந்தச் சவ்வின் ஒத்ததிர்வு. இரப்பரை இன்னும் இறுக்கினால் எந்தச் சுரத்துக்குத் துள்ளுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பிறகு உப்பைத் தட்டிவிட்டு, நாலைந்து டப்பாக்களோடு வகுப்பின் பின்பெஞ்சில் உட்கார்ந்திருப்பவனையும் கூப்பிட்டு எளிய தாளம் ஒன்றை மெதுவாகத் தொடங்குங்கள். வேகம் வேண்டாம். அவன் முதலில் முந்துவான், அல்லது பின்தங்குவான். நீங்கள் நிறுத்தாமல் அடித்துக்கொண்டிருங்கள்.